இலை வேறு, மருந்து வேறு

(ஒரு படிப்பக ஆண்டு விழாவில் பேசியதன் சுருக்கம்)



எனக்கு முன் பேசிய தோழர்கள் என்னை அளவுக்கு மீறிப் புகழ்ந்து விட்டார்கள். நான் தையற்கடை வைத்துப் பிழைக்கிறவன். எட்டாவதோடு பள்ளிக்கூடத்தை விட்டவன். அப்படிப்பட்டவன் வைத்தியத்தைப் பற்றிப் பேச வந்திருப்பதைக் கண்டு சிலர் சிரிக்கலாம். ஆனால், வைத்தியம் படிக்காத சாமியாரும், மந்திரவாதியும், சந்தையில் வேர் விற்கிறவனும் தாராளமாய்ப் பேசுகிற ஒரு விஷயத்தை, புத்தகங்களைத் தேடிப் படித்தும் படித்தவர்களை விசாரித்தும் தெரிந்துகொண்ட ஒரு தையற்காரன் பேசினால் என்ன குடி முழுகிவிடும்? நான் சொல்லுவதில் தப்பு இருந்தால் முடிவில் எழுந்து கேளுங்கள். திருத்திக்கொள்ளத் தயாராயிருக்கிறேன்.

என் கடையில் துணி வெட்டிக் கொடுத்துக்கொண்டிருந்த தோழர் ஒருவர். நாற்பது வயதுகூட ஆகவில்லை. அவருக்கு உடல் இளைத்தது. இடது விலாவின் கீழ் மண்ணீரல் வீங்கிக் கனத்தது. இரத்தம் பார்த்ததில் நாள்பட்ட வெள்ளணுப் புற்றுநோய் என்றார்கள். தினம் ஒரு வேளை இமாடினிப் என்னும் மாத்திரை. சில மாதங்களில் ஆள் பழையபடி ஆகி, கத்தரிக்கோல் பிடித்து நின்றார். இரண்டு வருஷம் இப்படிப் போயிற்று. பிறகு யாரோ அவரை ஒரு பச்சிலைக்காரரிடம் அழைத்துப் போனார்கள். அந்த மனிதர், "இந்த வியாதிக்கே சீனாக்காரன் இலையிலிருந்துதான் ஊசி மருந்து எடுக்கிறான், நான் இலையையே தருகிறேன், கெடுதல் ஒன்றும் இல்லை, மாத்திரையை நிறுத்து" என்றாராம். தோழரும் நிறுத்திவிட்டார். எனக்குக்கூடச் சொல்லவில்லை. எட்டு மாதம் கஷாயம் குடித்தார். திரும்ப ஆஸ்பத்திரிக்குப் போனபோது வியாதி முற்றிவிட்டது. பிறகு எதற்கும் அடங்கவில்லை. அவர் இன்று இல்லை.

காரியமெல்லாம் முடிந்த பிறகு அவர் மனைவி என்னைக் கேட்டார்: "அண்ணே, மருந்தும் இலையிலிருந்துதானே வருது? அப்போ இலையைக் குடிச்சதிலே என்ன தப்பு?" அன்றைக்கு எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. அதைத் தேடித்தான் படித்தேன். அந்தப் பதிலைத்தான் இன்று உங்கள் முன் வைக்கிறேன்.

முதலில் வியாதி என்ன என்று பார்ப்போம். 1845-ல் எடின்பரோவில் பென்னட் என்பவரும், பெர்லினில் விர்ச்சோ என்பவரும், செத்தவர்களை அறுத்துப் பார்த்து, இரத்தத்தில் வெள்ளணுக்கள் கணக்கின்றிப் பெருகியிருப்பதைக் கண்டு எழுதினார்கள். காரணம் தெரியவில்லை. காரணம் தெரியாத இடத்தில் முன்ஜென்ம வினை வந்து உட்கார்ந்துகொள்வது வழக்கம் அல்லவா? 1960-ல் பிலடெல்பியா நகரத்தில் நோவெல், ஹங்கர்போர்ட் என்னும் இருவர், இந்த நோயாளிகளின் அணுக்களில் ஒரு குரோமோசோம் வழக்கத்தைவிடக் குட்டையாய் இருப்பதைக் கண்டார்கள். 1973-ல் ஜேனட் ரவுலி என்னும் அம்மையார், 9-ஆம் குரோமோசோமின் துண்டும் 22-ஆம் குரோமோசோமின் துண்டும் இடம் மாறி ஒட்டிக்கொண்டதே அது என்று காட்டினார். என் தொழிலில் சொன்னால், இரண்டு சட்டைகளின் துண்டுகளை மாற்றித் தைத்துவிட்டது போல. அந்தத் தப்புத் தையலிலிருந்து ஒரு தப்புப் புரதம் பிறக்கிறது. அது, "பெருகு, பெருகு" என்று வெள்ளணுவை ஓயாமல் விரட்டுகிறது. இதுதான் வியாதி. இதில் வினை எங்கே இருக்கிறது? சனி எங்கே இருக்கிறான்?

இமாடினிப் மாத்திரை அந்தத் தப்புப் புரதத்தின் வாயில் போய் அடைத்துக்கொள்கிறது. 2001-ல் அமெரிக்காவில் அதற்கு அனுமதி கிடைத்தது. புதிதாய் நோய் கண்ட 1,106 பேரை வைத்து நடத்திய பரீட்சையில், இம்மாத்திரையில் தொடங்கியவர்களில் பத்து வருஷம் கடந்தும் 100-க்குச் சுமார் 83 பேர் உயிரோடு இருப்பதாக 2017-ல் கணக்கு வெளியிட்டார்கள். விலையும் நம் நாட்டில் பெருந்தடையாய் நிற்கவில்லை. அதன் காப்புரிமை விண்ணப்பத்தைச் சென்னைக் காப்புரிமை அலுவலகம் 2006-ல் தள்ளியது. 2013 ஏப்ரல் 1-ந் தேதி சுப்ரீம் கோர்ட்டும் அதை உறுதி செய்தது. இந்தியக் கம்பெனிகள் செய்த மாத்திரை, அந்நியக் கம்பெனி சொன்ன விலையில் பத்தில் ஒரு பங்குக்கும் குறைவாய்க் கிடைத்தது. இப்படிப்பட்ட மாத்திரையைத்தான் என் தோழர் நிறுத்தினார்.

இனி அந்தப் பச்சிலைக்காரர் சொன்ன சீன மருந்துக்கு வருவோம். அவர் சொன்னதில் பாதி உண்மை. முழுப்பொய்யை நாம் சுலபமாய்ப் பிடித்துவிடுவோம். பாதி உண்மைதான் ஆளைக் கொல்லும்.

செபலோடாக்ஸஸ் என்று ஒரு மரம். ஊசி போன்ற இலையோடு, என்றும் பச்சையாய், மெதுவாய் வளரும் சிறு மரம். சீனா, ஜப்பான் தேசங்களில் உண்டு. அதன் இனத்தில் ஒன்று நம் நாட்டு வடகிழக்கு மலைகளிலும் உண்டு. அமெரிக்காவில் 1960 முதல் இருபது வருஷத்துக்கு மேலாக, புற்றுநோய்க்கு ஏதாவது கிடைக்குமா என்று ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட செடிச் சாறுகளைச் சோதித்தார்கள். கடைசியில் மருந்தாய்த் தேறியவை விரல் விட்டு எண்ணக்கூடியவையே. ஒவ்வொரு பச்சிலையும் சஞ்சீவி என்று பேசுகிறவர்கள் இந்தக் கணக்கைக் கொஞ்சம் யோசித்துப் பார்க்க வேண்டும்.

தேறிய சிலவற்றில் இந்த மரமும் ஒன்று. இதன் விதைச் சாறு எலிகளுக்கு வந்த வெள்ளணு நோயை அடக்கிற்று. பியோரியா என்னும் ஊரிலிருந்த அரசாங்க விவசாய ஆராய்ச்சிச் சாலையில் பவல் என்பவரும் அவருடைய கூட்டாளிகளும், அதிலிருந்த ஹாரிங்டோனின், ஹோமோஹாரிங்டோனின் முதலிய சரக்குகளின் அமைப்பை 1970-ல் கண்டு சொன்னார்கள்.

இங்கேதான் நீங்கள் கவனிக்க வேண்டிய விஷயம் இருக்கிறது. இம்மரத்தில் ஏராளமாய் இருப்பது செபலோடாக்சின் என்னும் சரக்கு. அது புற்றுநோயை ஒன்றும் செய்யாது! அதனோடு ஒரு சிறு வால் போன்ற பகுதி ஒட்டியிருந்தால்தான் வேலை செய்கிறது. வால் ஒட்டிய சரக்கோ மரத்தில் மிகச் சொற்பம். மரத்தை வெட்டி எடுப்பதானால் மரமே அழிந்து போகும். ஆகவே பிற்காலத்தில், மறுபடி துளிர்க்கிற இலையிலிருந்து பயனற்ற செபலோடாக்சினை எடுத்து, அந்த வாலைச் சோதனைச்சாலையில் செய்து ஒட்டினார்கள். அப்படிச் செய்ததற்கு ஓமாசிடாக்சின் என்று பெயர். அதாவது, மரம் கொடுத்தது பாதி. மனிதன் செய்து சேர்த்தது மீதி. இலையைக் காய்ச்சிக் குடித்தால் அந்த மீதி எங்கிருந்து வரும்?

சரி, மருந்து கிடைத்தது, உடனே வெற்றியா? இல்லை. 1970-களில் சீன டாக்டர்கள் தீவிர வெள்ளணு நோய்க்கு இதைக் கொடுத்துச் சில பலன்களைக் கண்டார்கள். அமெரிக்காவில் முதலில் வேகமாய் ஏற்றிப் பார்த்ததில், நோயாளிகளுக்கு இரத்த அழுத்தம் ஆபத்தாய் இறங்கிற்று. அதை மறைத்துவிடவில்லை, எழுதி வைத்தார்கள். அளவைக் குறைத்து, நாள்கணக்கில் மெதுவாய் ஏற்றினார்கள். ஆபத்து குறைந்தது. 1990-களில் நாள்பட்ட வெள்ளணு நோய்க்கு இதில் நம்பிக்கை பிறந்தது. அந்த நேரத்தில் இமாடினிப் வந்தது. அது மேலாயிருந்ததால் இதை ஓரத்தில் வைத்துவிட்டார்கள். "இத்தனை வருஷம் பாடுபட்ட மருந்தாயிற்றே" என்று யாரும் அதற்குக் கோயில் கட்டவில்லை.

பிறகு வேறொரு சங்கடம் வந்தது. சிலருக்கு அந்தத் தப்புப் புரதத்தின் 315-ஆம் இடத்தில் ஒரு கண்ணி மாறிவிடுகிறது. மாறினால் இமாடினிப் அங்கே உட்கார முடிவதில்லை. பூட்டு மாறிய பிறகு பழைய சாவியால் என்ன பயன்? ஓமாசிடாக்சினோ அந்தப் பூட்டின் பக்கமே போவதில்லை. அணுவுக்குள் புரதம் செய்கிற ரைபோசோம் என்னும் தறியிலேயே போய் உட்கார்ந்து, நெசவு தொடங்கும்போதே தடுக்கிறது. இதனால் மூலையில் வைத்த மருந்தை மறுபடி எடுத்துப் பார்த்தார்கள்.

2012 அக்டோபரில் அமெரிக்க மருந்துத் துறை இதற்கு அனுமதி கொடுத்தது. யாருக்கு? அந்த மாத்திரை வர்க்கத்தில் இரண்டோ அதற்கு மேலோ பார்த்தும் பலிக்காதவர்களுக்கும், தாங்க முடியாதவர்களுக்கும் மட்டும். பலன் எவ்வளவு? நாள்பட்ட நிலையிலிருந்த 76 பேரில் 14 பேருக்குக் கெட்ட குரோமோசோம் பெரிதும் குறைந்தது. முடுக்கமடைந்த நிலையிலிருந்த 35 பேரில் 5 பேருக்கு இரத்தம் சீர்ப்பட்டது. மற்றவர்களுக்கு அந்தப் பலன் கிட்டவில்லை. கெடுதல் என்ன? தட்டணு குறையும், இரத்தம் கசியும், தொற்று பிடிக்கும், சர்க்கரை ஏறும். மூளையில் இரத்தம் கசிந்து இறந்தவர்களும் உண்டு. இவ்வளவையும் மருந்தோடு வரும் காகிதத்தில் அச்சடித்தே கொடுத்தார்கள்.

தோழர்களே! 76-க்கு 14 என்று தன் குறையைத் தானே சொல்லுகிற மருந்து உயர்ந்ததா? நூற்றுக்கு நூறு குணம் என்று சொல்லி, எத்தனை பேருக்குக் கொடுத்தாய், எத்தனை பேர் பிழைத்தார்கள் என்று கேட்டால் கோபித்துக்கொள்கிற கஷாயம் உயர்ந்ததா?

அளவைப் பாருங்கள். உடலின் மேற்பரப்பு ஒரு சதுர மீட்டருக்கு 1.25 மில்லிகிராம், நாளைக்கு இரண்டு தரம், தோலுக்கடியில் ஊசி. முதலில் 28 நாளில் 14 நாள். நடுத்தர உடம்புக்கு ஒரு தரத்துக்குச் சுமார் 2 மில்லிகிராம். அதாவது ஒரு கிராமில் ஐந்நூறில் ஒரு பங்கு. கூடினால் விஷம், குறைந்தால் வீண். ஒரு கைப்பிடி இலை, மூன்று தம்ளர் தண்ணீர், ஒரு தம்ளராய்ச் சுண்டக் காய்ச்சு என்கிற கணக்கில் இந்த அளவு எப்படி அகப்படும்?

"அப்படியானால் முன்னோர்களுக்கு ஒன்றும் தெரியாதா?" என்று கேட்பார்கள். தெரிந்ததும் உண்டு. சீன நாட்டில் 11 சரக்குகள் சேர்ந்த ஒரு பழைய மாத்திரை இதே வியாதிக்குக் கொஞ்சம் பலன் தந்தது. அங்குள்ள ஆராய்ச்சிக்காரர்கள் அதைக் கும்பிட்டுக்கொண்டிருக்காமல் ஒவ்வொன்றாய்ப் பிரித்துப் பார்த்தார்கள். வேலை செய்தது ஒன்றே ஒன்று: நம் அவுரி போல நீலச்சாயம் தரும் செடிகளிலிருந்து எடுக்கும் பொடி. அதற்குள்ளும் இண்டிரூபின் என்னும் ஒரு சரக்கு. மீதிப் பத்துச் சரக்குகள் வெறும் கூட்டம். முன்னோர் சொன்னதில் உண்மை இருந்தால், அது பரீட்சைக்குப் பயப்பட வேண்டியதில்லை. பரீட்சையில் தேறினால் அது சீன வைத்தியமும் அல்ல, இங்கிலீஷ் வைத்தியமும் அல்ல, வைத்தியம், அவ்வளவுதான். இதைக் கேட்டுவிட்டு நாளைக்கே அவுரியை அரைத்துக் குடிக்கப் போகிறவர் யாராவது இருந்தால், நான் இவ்வளவு நேரம் பேசியது வீண் என்று அர்த்தம்.

"டாக்டர்கள் நேற்று ஒன்று, இன்று ஒன்று சொல்லுகிறார்களே" என்றும் சொல்லுவார்கள். ஆம், சொல்லுகிறார்கள். அதுதான் அவர்களிடத்திலுள்ள யோக்கியதை. 2012 டிசம்பரிலேயே பொனாடினிப் என்னும் மாத்திரைக்கும், 2021-ல் அசிமினிப் என்னும் மாத்திரைக்கும் அங்கே அனுமதி கிடைத்தது. மாறிப்போன அந்தப் பூட்டையும் இவை திறக்கின்றன. ஓமாசிடாக்சினுக்கு இடம் இன்னும் சுருங்கிற்று. மேலானது வந்தால் பழையது விலகி நிற்பதுதான் அறிவு. டாக்டர்களையும் நான் கும்பிடச் சொல்லவில்லை. நோயாளிக்குப் புரியும்படி நாலு வார்த்தை சொல்லாமல் சீட்டை நீட்டுகிற டாக்டரும், அந்தப் பச்சிலைக்காரருக்கு ஆள் பிடித்துக் கொடுக்கிறவர்தான். மாத்திரையை எதற்காக விடாமல் சாப்பிட வேண்டும் என்று என் தோழருக்கு ஒருவர் உட்கார்ந்து சொல்லியிருந்தால், அவர் அங்கே போயிருக்கமாட்டார்.

பல வருஷம் நோயின் சுவடே தெரியாமலிருப்பவருக்கு, அடிக்கடி இரத்தம் சோதித்துக்கொண்டே டாக்டர்கள் தாங்களே மாத்திரையை நிறுத்திப் பார்ப்பது உண்டு. அது வேறு. யாரோ சொன்னதற்காக நாமாக நிறுத்துவது வேறு.

ஆகவே, மருந்து என்று யார் எதை நீட்டினாலும், அவர் காவி கட்டியிருந்தாலும் சரி, வெள்ளைக் கோட்டுப் போட்டிருந்தாலும் சரி, நாலு கேள்வி கேளுங்கள். இதை எத்தனை பேருக்குக் கொடுத்துப் பார்த்தார்கள்? எத்தனை பேருக்குப் பலிக்கவில்லை? என்ன கெடுதல் செய்யும்? அளவு என்ன? பதில் இருந்தால் சாப்பிடுவதைப் பற்றி யோசியுங்கள். கேட்டதற்கே கோபம் வந்தால் எழுந்து வந்துவிடுங்கள்.

அந்த அம்மையாரிடம் சென்ற மாதம் போய் இவ்வளவையும் சொன்னேன். "தங்கச்சி, இலையில் தப்பில்லை. இலைக்கும் ஊசிக்கும் நடுவே நாற்பது வருஷப் பரீட்சை இருக்கிறது. அந்த ஆள் அதை மறைத்துவிட்டு, இலையை மட்டும் காட்டினார்" என்றேன். வெகுநேரம் பேசாமலிருந்தார். பிறகு, "இதை எங்களைப் போல உள்ளவங்களுக்கு முன்னாடியே சொல்லுங்கண்ணே" என்றார். அதற்காகத்தான் வந்தேன். நீங்களும் உங்கள் வீட்டில் போய்ச் சொல்லுங்கள்.