எட்டு நிமிடத்தில் ஓர் ஆயுள்

(முன்னாள் மாணவர் சந்திப்பில் பேசியதன் எழுத்து வடிவம்)



எஞ்சினியரைப் பேசக் கூப்பிட்டால் பாலம், மோட்டார் என்று ஏதாவது சொல்வான் என நினைத்திருப்பீங்க. நான் ஒரு கார்ட்டூன் படத்தைப் பற்றிச் சொல்லப் போறேன். பெயர் ‘ஃபாதர் அண்ட் டாட்டர்’. நெதர்லாந்தில் பிறந்த மைக்கேல் டுடொக் டி விட் 2000-இல் எடுத்தது. எட்டு நிமிடம்தான், வசனமே கிடையாது. 2001-இல் ஆஸ்கர் பரிசு பெற்றது.

அப்பாவும் சின்ன மகளும் சைக்கிளில் கரைக்கு வருகிறார்கள். அப்பா மகளைக் கட்டியணைத்துவிட்டுப் படகில் போகிறார், திரும்பவில்லை. அவள் அதே கரைக்கு மறுபடி மறுபடி வருகிறாள். சிறுமியாக, தோழிகளோடு குமரிப்பெண்ணாக, கணவன் பிள்ளைகளோடு, கடைசியில் சைக்கிளை நிமிர்த்தி நிறுத்தவும் முடியாத கிழவியாக. முகம் அருகில் தெரிவதில்லை. பெடல் மிதிக்கிற விதத்திலேயே வயசு தெரிகிறது. இடம் மாறாமல் ஆள் மட்டும் மாறுவதால்தான் காலம் ஓடுவது நமக்குப் புரிகிறது. முடிவை நான் சொல்ல மாட்டேன், பாத்துக்கிடுங்க.

நம் உலா இலக்கியம் பெண்ணின் பருவத்தைப் பேதை முதல் பேரிளம்பெண் வரை ஏழாகப் பிரித்தது. அது நாற்பது வயதோடு நின்றுவிடுகிறது. இந்தப் படம் அதற்கப்புறமும் போகிறது. முதுமையும் ஒரு பருவம்தானே?

படகு, கரை, திரும்பாத அப்பா. நம்ம மாவட்டத்துக்காரனுக்கு இது வெளிநாட்டுக் கதையா? 2017 நவம்பர் கடைசியில் ஒக்கிப் புயல் அடித்தபோது தூத்தூர், சின்னத்துறை, வள்ளவிளைப் பக்கம் எத்தனை வீட்டு அப்பாமார் ஆழ்கடலிலிருந்து திரும்பவில்லை! உடல்கூடக் கிடைக்காத வீடுகள் உண்டு. காத்திருப்பு எப்படி முடியும்?

ஆனால் படத்துப் பெண் காத்திருந்தபடியே வளர்ந்தாள், வாழ்ந்தாள். ஒக்கியின்போது பத்து வயதாயிருந்த பிள்ளைக்கு இப்போது கல்லூரி வயசு. அப்படி யாராவது நம் கல்லூரியில் படிக்க வந்தால், பீஸ் கட்ட முடியாமல் திரும்பிப் போகக் கூடாது. நம் சங்கம் அதை ஏற்க வேண்டும். பெயரை வெளியே சொல்லவும் வேண்டாம். வேலைக்குப் போய்ப் பத்துப் பன்னிரண்டு வருஷமான என் செட்டுக்காரங்க முதலில் தரட்டும். என் பங்கை இன்றைக்கே பொருளாளரிடம் கொடுத்துவிடுகிறேன்.

தம்பி தங்கைகளே, படத்தில் அப்பா போனார். நாளை பெங்களூருக்கோ துபாய்க்கோ போகப் போவது நீங்கள். கரையில் நிற்பது உங்கள் அப்பா அம்மா. வாரம் ஒரு போன், வருஷம் ஒரு வருகை. அதை மட்டும் விட்டுடாதீங்க.