வீட்டுக் கடனின் மெய்யான கிரயம்

மதுரையில் வைகையின் வடபாலுள்ள கே.கே. நகரிலும் சுற்றுக் கிராமங்களிலும் வீடு வாங்க விழைவோர் முதலில் விசாரிப்பது மாதத் தவணை எவ்வளவு என்பதே. விசாரிக்க வேண்டியது வேறு. 20 லட்சம் ரூபாயை 9 சதவீத வட்டிக்கு 20 வருஷ கெடுவில் வாங்குபவர் மாதந்தோறும் சுமார் 17,995 ரூபாய் செலுத்த வேண்டும். முதல் மாதம் அதில் 15,000 ரூபாய் வட்டிக்கே போகும். அசலில் கழிவது மூவாயிரத்துக்கும் குறைவு. பத்து வருஷங்களில் 21½ லட்சம் கட்டிய பின்னும் அசலில் 14 லட்சத்துக்கு மேல் நிற்கும்! முடிவில் கட்டிய மொத்தமோ 43 லட்சத்தைத் தாண்டும்.

சென்னை மாகாணத்து 1938ஆம் வருஷ விவசாயிகள் கடன் நிவாரணச் சட்டம், 1932 அக்டோபருக்கு முந்தைய கடன்களில் அசலைப்போல் இருமடங்கு செலுத்திய குடியானவரின் கடன் தீர்ந்ததென விதித்தது. இன்றைய வீட்டுக் கடனுக்கு அவ்வரம்பு இல்லை.

மாறும் வட்டியாயின் அபாயம் அதிகம். கடன் வாங்கியவுடனே வட்டி 10 சதவீதமாக ஏறி, தவணைத் தொகை மாறாதிருப்பின், 20 வருஷக் கெடு 26 வருஷங்களுக்கு மேல் நீளும். தவணையை உயர்த்துவதா, கெடுவை நீட்டுவதா என்பதைக் கடனாளியே தெரிவு செய்ய இடமளிக்குமாறு ரிசர்வ் வங்கி 2023 ஆகஸ்டில் உத்தரவிட்டது. கேளாதவருக்கு அவ்வுரிமையால் பயன் சொற்பமே.

அன்றியும், தனிநபரின் மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டி அடைத்தால் அபராதம் கிடையாது. மேற்சொன்ன கடனில் முதல் வருஷ முடிவில் அறுவடைப் பணமாகவோ போனஸாகவோ ஒரு லட்சம் கூடுதலாகக் கட்டினால் 27 தவணைகள் குறையும். அதே லட்சத்தை 19ஆம் வருஷ முடிவில் கட்டினால் குறைவது ஏறக்குறைய ஆறு.