மூச்சு நன்றாக இருக்கும்போதே...
(முன்னாள் மாணவர் சங்க ஆண்டு விழாவில் ஆற்றிய உரை)



மெக்கானிக்கல் படிச்சவனுக்கு மருத்துவத்தில் என்ன வேலை என்று கேட்பீர்கள். நான் டாக்டர் இல்லை. ஆனால் முப்பது வருஷமாக ஆஸ்துமாக்காரன். விடுதியில் என் இளைப்புச் சத்தத்தில் தூக்கம் கெட்டவர்கள் இந்த அரங்கிலேயே இருக்கிறார்கள்!

நமக்கு மூச்சுக்குழாய் சுலபமாக வீங்கிச் சுருங்கும். மற்றவர்களுக்கு நாலு நாள் காய்ச்சலோடு போகிற ஃப்ளூ, நம்மை ஆஸ்பத்திரியில் படுக்க வைத்துவிடலாம். 2009-இல் பன்றிக் காய்ச்சல் பரவியபோது பல நாடுகளில் இதைக் கண்டார்கள். ஃப்ளூ புண்ணாக்கிய நுரையீரலில் நியூமோகாக்கஸ் என்ற கிருமி புகுந்தால் நிமோனியா.

இரண்டுக்கும் தடுப்பூசி உண்டு. ஃப்ளூ வைரஸ் வேஷம் மாற்றிக்கொண்டே இருக்கும். அதனால் உலக சுகாதார நிறுவனம் பிப்ரவரியிலும் செப்டம்பரிலும் கூடி, ஊசியில் எந்த வகைகள் வேண்டும் என்று சொல்கிறது. ஆகவே அந்த ஊசி வருஷா வருஷம். நிமோனியா ஊசி அப்படியல்ல. 20 வகைக் கிருமிகளைத் தடுக்கும் புதிய ஊசி என்றால் பெரியவர்களுக்கு ஒன்றே போதும். மற்றவற்றில் இடைவெளி விட்டு இரண்டு ஊசி தேவைப்படலாம். டாக்டர் சொல்வார்.

"ஊசி போட்டா ஃப்ளூ வருமாமே?" வராது. ஊசியில் இருப்பது உயிருள்ள வைரஸ் அல்ல. கை வலிக்கும், ஒரு நாள் உடம்பு சுடலாம், அவ்வளவுதான். மூக்கில் தெளிக்கும் வகையில்தான் வலுக்குறைந்த உயிர் வைரஸ் உண்டு. ஆஸ்துமாக்காரர்கள் அதைத் தவிர்த்து ஊசியையே கேளுங்கள். ஊசி போட்டாச்சு என்று இன்ஹேலரை நிறுத்திவிடாதீர்கள். அது வேறு வேலை, இது வேறு வேலை.

சென்னைப் பக்கம் ஃப்ளூ வடகிழக்குப் பருவமழையோடு ஏறும். ஊசி பலன் தர இரண்டு வாரம் ஆகும். ஆகவே செப்டம்பருக்குள் போட்டுக்கொள்வது நல்லது. இளைப்பு இல்லாத நாளில் யாருக்கும் டாக்டர் ஞாபகம் வராது. ஆனால் மெஷின் ஓடும்போது செய்வதுதான் பராமரிப்பு. நின்ற பிறகு செய்வது ரிப்பேர்!

குழந்தைகளுக்கு நிமோனியா ஊசியை அரசே இலவசமாகப் போடுகிறது. பெரியவர்கள் பெரும்பாலும் கைக்காசைத்தான் போட வேண்டும். விடுதித் தம்பிக்கு அது பெரிய தொகை. சங்கத்துக்கு ஒரு வேண்டுகோள்: கல்வி உதவித்தொகையோடு, ஆஸ்துமா உள்ள விடுதி மாணவர்களின் ஊசிச் செலவையும் ஏற்போம். முதல் இரண்டு பேர் செலவு என்னுடையது. தம்பிகளே, தங்கைகளே, கூச்சப்படாமல் பெயர் கொடுங்கள்.