கேட்கின்ற முகம்

துணை நடிப்புக்கு இலக்கணமாகத் தமிழ்த் திரையில் நின்றவர் டி. எஸ். பாலையா. எம். ஜி. ஆரும் என். எஸ். கிருஷ்ணனும் அறிமுகமான ‘சதிலீலாவதி’யிலேயே, 1936இல், அவரும் திரைக்கு வந்தார். நெடுங்காலம் வில்லனாக மிரட்டினார். பின்னர் சிரிக்க வைத்தார்.

ஸ்ரீதரின் ‘காதலிக்க நேரமில்லை’ (1964) படத்தில் நாகேஷ் பேய்க்கதை சொல்லும் காட்சியை எவரும் மறந்திரார். புகழின் பெரும்பங்கு சொன்னவருக்கே சென்றது. ஆனால், கேட்டுக்கொண்டிருந்த பாலையாவை அகற்றிவிட்டு அக்காட்சியை எண்ணிப் பாருங்கள். அங்கே எஞ்சுவது வெறும் சத்தந்தான்.

தொல்காப்பியர் மெய்ப்பாட்டியலில் அச்சம் பிறக்கும் களங்களுள் அணங்கை முதலில் வைத்தார். நகை பிறக்கும் களங்களுள் பேதைமையையும் சேர்த்தார். பாலையாவின் முகத்தில் தோன்றுவது அச்சம். அவரது பேதைமை கண்டு நம்மிடத்துத் தோன்றுவது நகை. ஒருவர் அஞ்ச, ஓர் அரங்கமே சிரிக்கிறது.

‘திருவிளையாடல்’ (1965) படத்தில் அவர் செருக்கு மிக்க ஹேமநாத பாகவதர். விறகுவெட்டியாக வந்த இறைவனின் பாட்டைக் கேட்டதும் அச்செருக்கு உடைகிறது. அங்கும் அவர் கேட்பவரே. இறைவனின் இசைக்கு அளவுகோல் அந்த முகந்தான்.

1972இல் பாலையா மறைந்தார். சொல்பவனைக் கொண்டாடும் உலகம் கேட்பவனை மறந்துவிடுகின்றது. நன்னூலாரோ பாடஞ் சொல்பவனுக்கு மாத்திரமன்றிக் கேட்பவனுக்கும் இலக்கணம் வகுத்தார். கேட்டலும் ஒரு கலை. இவ்வளவு நேரமும் கேட்டிருந்த உங்களுக்கு அதை நான் சொல்லவும் வேண்டுமா?