பக்கத்து வீட்டாரும் பரலோகமும்

இலங்கையின் கிழக்குக் கரையில் மருதமுனையின் கைத்தறிகளைத் தாண்டினால் பாண்டிருப்பு. இங்கே திரௌபதை அம்மன் தீமிதிப்புக்கு ஊரே திரளும். கொஞ்சம் தெற்கே கல்முனைக்குடி கடற்கரைப்பள்ளியில் நாகூர் ஆண்டகை பேரில் கொடியேறும். இடையில் மெதடிஸ்த ஆலயம். இப்படி ஒட்டி வாழ்வதையே படிப்பாகவும் தொழிலாகவும் எடுத்துக்கொண்ட ஒரு தமிழர் நம் நாட்டில் உண்டு. பெயர் வெஸ்லி அரியராஜா, மெதடிஸ்த போதகர்.

பக்கத்து வீட்டு இந்துக் குடும்பத்தோடு பழகி வளர்ந்தவர் அவர். இவ்வளவு நல்ல மனிதர்களுக்குப் பரலோகத்தில் இடமில்லையா என்பதுதான் அவரைத் துரத்திய கேள்வி. 1980களில் ஜெனீவாவில், உலகத் திருச்சபைகள் மன்றத்தின் சமய உரையாடல் பிரிவை நடத்தினார். கூட்டம் போட்டுத் தேநீர் குடிக்கிற வேலைதானே என்பீர்கள். அதுவும் உண்டு! ஆனால் கஷ்டமான வேலை சொந்தச் சபையாரிடம் பேசுவதுதான். பிற சமயத்தாரோடு உரையாட எங்கள் வேதம் இடம் தராது என்பவர்களுக்கு அவர் வேதத்தையே திறந்து காட்டினார். 1985இல் அதைப் பற்றி ஒரு நூலே எழுதினார். வேதத்தில் வரும் ஒரு கதையைப் பாருங்கள்: இயேசுவின் சீடர் பேதுரு, யூதரல்லாத நூற்றுவர் தலைவன் கொர்நேலியுவின் வீட்டுக்குப் போகிறார். போன இடத்தில், கடவுள் ஆள் பார்த்துப் பட்சபாதம் காட்டுவதில்லை என்று தானே ஒப்புக்கொள்கிறார். உபதேசிக்கப் போனவர்தான் அங்கே மாறினார்.

பின்னர் அரியராஜா அமெரிக்காவின் டுரூ பல்கலைக்கழகத்தில் பேராசிரியரானார். சமயங்களுக்கிடையே உறவு என்ற இந்தப் பாடத்தை, வருங்காலப் போதகர்களுக்கு அங்கே பல வருஷம் கற்பித்தார்.