பம்ப் பற்றி நாலு வார்த்தை



எனக்கு சி.ஓ.பி.டி., அதாவது நாட்பட்ட நுரையீரல் அடைப்பு நோய். "பம்ப் பழகினால் விட முடியாதாமே" என்று நம்மவர்களே கேட்கிறார்கள். விடாமல் பிடித்திருப்பது நோய்தானய்யா! மூக்குக் கண்ணாடி போட்டவரிடம் இப்படிக் கேட்போமா?

கணக்கைப் பாருங்கள். சால்பியூட்டமால் மாத்திரை ஒன்றில் 4 மில்லிகிராம். பம்பில் ஒரு அழுத்தலுக்கு 100 மைக்ரோகிராம். நாற்பதில் ஒரு பங்கு. நேரே மூச்சுக்குழாய்க்குப் போவதால் சில நிமிஷத்தில் இறுக்கம் தளரும். கைநடுக்கம், படபடப்பும் குறைவு.

ஆனா அடிக்கிற விதம் இருக்கே, அதுதான் முக்கியம். நன்றாகக் குலுக்கி, மூச்சை முழுதும் வெளியே விட்டு, மெதுவாக இழுக்கத் தொடங்கும்போதே அழுத்தணும். பிறகு பத்து விநாடி அடக்கணும். வெடுக்கென்று இழுத்தால் மருந்தில் பெரும்பகுதி தொண்டையிலேயே தங்கிவிடும். கையும் மூச்சும் ஒத்துவராதவர்களுக்கு ஸ்பேசர் என்ற குடுவை உண்டு.

பீடி, சிகரெட் மட்டுமல்ல, விறகடுப்புப் புகையும் இந்த நோயைத் தரும். மாணவர்களே, வீட்டில் அம்மாவோ பாட்டியோ இளைத்தால் "வயசாச்சு" என்று விட்டுவிடாதீர்கள். ஸ்பைரோமெட்ரி பரிசோதனைக்கு அழைத்துப் போங்கள்.

ஸ்பேசரைக் கொண்டுவந்திருக்கிறேன். பார்க்க விரும்புகிறவர்கள் சாப்பாட்டுக்குப் பிறகு என்னிடம் வாருங்கள்.