ஆயிரம் கல் என்ன விலை?



அஸ்திவாரத்துக்கு வானம் தோண்டி முடித்ததும் மேஸ்திரி கேட்பது, "கல்லுக்குச் சொல்லியாச்சா?" என்றுதான். நாமும் போனை எடுத்து நாலு இடத்தில் விசாரிக்கிறோம். நத்தம் பக்கம் ஒரு விலை, வத்தலக்குண்டு பக்கம் ஒரு விலை, வேடசந்தூரில் வேறு விலை. தங்கத்துக்குத் தினம் காலையில் விலை சொல்கிறார்கள். முட்டைக்கு நாமக்கல்லில் சொல்கிறார்கள். செங்கல்லுக்கு மட்டும் ஏன் அப்படி ஒரு விலை இல்லை?

எடைதான் காரணம். ஒரு கல் சுமார் மூன்று கிலோ. ஆயிரம் கல் மூன்று டன். கணக்குப் போட்டால் கிலோ மூன்று, நான்கு ரூபாய்க்குள் அடங்குகிற சரக்கு. ஒட்டன்சத்திரத்துத் தக்காளி மலையேறிக் கேரளத்துக்குப் போனாலும் அதன் விலை வண்டி வாடகையைத் தாங்கும். செங்கல் தாங்காது. சுங்க வரி அட்டவணையில் செங்கல்லுக்கு 6904 என்று எண் உண்டு. டைல்ஸ், பீங்கான் கோப்பை, கழிப்பறைப் பீங்கான் எல்லாம் இருக்கிற அதே 69ஆம் அத்தியாயம்தான். குஜராத்தின் மோர்பியிலிருந்து டைல்ஸ் கப்பலேறுகிறது. செங்கல்லோ பக்கத்து மாவட்டத்தைத் தாண்டவே யோசிக்கிறது. சீனாவுக்கு அடுத்தபடியாக உலகில் அதிகம் செங்கல் சுடுகிற நாடு நம்முடையது. ஆனால் இந்தியச் செங்கல் சந்தை என்று ஒன்று கிடையாது. லாரி ஒரு நாளில் போய்த் திரும்புகிற தூரம் எவ்வளவோ அவ்வளவுதான் ஒரு சந்தை. அகில இந்தியச் சராசரி விலை என்று யாராவது சொன்னால், திண்டுக்கல்லில் வீடு கட்டுகிறவருக்கு அதனால் ஒரு பயனும் இல்லை.

பக்கத்துச் சூளை அணைந்தால் என்ன ஆகும் என்பதற்குக் கோவை உதாரணம். தடாகம் பள்ளத்தாக்கில் உரிய அனுமதியில்லாமல் மண் எடுத்த விவகாரத்தில் 2021ஆம் ஆண்டு 180க்கும் மேற்பட்ட சூளைகள் மூடப்பட்டன. மலையடிவாரத்து மண்ணையும் யானைத் தடத்தையும் நினைத்தால் அது வேண்டிய நடவடிக்கைதான். ஆனால் பக்கத்தில் கிடைத்த கல் தூரத்திலிருந்து வரும்போது அந்தத் தூரம் முழுக்க விலையில் ஏறிவிடும்.

விலையில் முதலில் சேர்வது மண். நம் திண்டுக்கல் சமவெளி பெரும்பாலும் செம்மண். வெறும் செம்மண்ணில் நல்ல கல் வராது. களி கலந்த மண் வேண்டும். அது தாழ்ந்த பட்டா நிலங்களிலும் கண்மாய்களிலும் இருக்கிறது. சிறுகனிமங்கள் எடுக்க, பரப்பு சிறிதானாலும், சுற்றுச்சூழல் அனுமதி வேண்டும் என்று 2012இல் உச்ச நீதிமன்றம் சொன்ன பிறகு மண்ணுக்கும் கோப்பு சுமக்க வேண்டியதாயிற்று. அடுத்தது நெருப்பு. நாட்டுச் சூளைக்குச் சீமைக் கருவேல விறகுதான் பெரும்பாலும் தீனி. விறகைக் குறைத்து எரிக்க, காற்றை வளைத்து வளைத்து இழுக்கும் ஜிக்ஜாக் சூளைக்கு மாறச் சொல்லி 2022 பிப்ரவரியில் மத்திய சுற்றுச்சூழல் அமைச்சகம் விதி கொண்டுவந்தது. சிறிய சூளைக்காரருக்கு அது பெரிய முதலீடு. பிறகு ஆள். முன்பணம் வாங்கிக் குடும்பத்தோடு சூளையில் வந்து தங்கி, ஆயிரம் கல்லுக்கு இவ்வளவு என்று கூலிக்கு அறுப்பவர்கள். கொத்தடிமை ஒழிப்புச் சட்டம் 1976இலேயே வந்துவிட்டது. அதற்குப் பிறகும் சூளைகளிலிருந்து ஆட்களை மீட்ட செய்தி வந்துகொண்டுதான் இருக்கிறது. மிக மலிவாக ஒரு கல் கிடைத்தால், எதில் மிச்சம் பிடித்தார்கள் என்று நான் யோசிப்பேன்.

மழைக்கும் விலையில் பங்குண்டு. பச்சைக் கல் வெயிலில் காய வேண்டும். தை பிறந்தால் அறுப்பு மும்முரம். ஐப்பசி, கார்த்திகையில் களம் ஈரம். இருப்பு கரையக் கரைய விலை ஏறும். ஆடியில் புது வேலை தொடங்குகிறவர்கள் குறைவு. மழைக்கு முன் சரக்கைத் தள்ளிவிடச் சூளைக்காரரும் விரும்புவார். இறக்கி வைக்க இடமிருந்தால் அப்போது பேரம் பேசிப் பாருங்கள்.

இனி சொல்லப்போவதைக் கொஞ்சம் கவனமாகக் கேளுங்கள். ஆயிரம் கல் என்பது எண்ணிக்கை. நாம் கட்டுவதோ சுவர். ஒருவர் கல் ஒன்பது அங்குல நீளம், நாலேகால் அகலம், மூன்று உயரம். இன்னொருவர் கல் எட்டரை, நாலு, இரண்டேமுக்கால். கையில் எடுத்துப் பார்த்தால் வித்தியாசம் தெரியாது. ஆனால் கலவைக் கனத்தையும் சேர்த்துக் கணக்கிட்டால், பெரிய கல் ஆயிரம் போகிற சுவருக்குச் சின்னக் கல் ஏறக்குறைய 1,200 வேண்டும். சிமெண்டும் மணலும் கூடுதலாக இழுக்கும். சின்னக் கல்லை விலையில் நூற்றுக்குப் பத்து குறைத்துத் தருகிறேன் என்று அதன் சூளைக்காரர் சொன்னாலும், நமக்கு அது நஷ்டம். ஐ.எஸ். 1077 என்ற இந்தியத் தர நிர்ணயம் 190க்கு 90க்கு 90 மில்லிமீட்டர் என்று ஓர் அளவு சொல்கிறது. நம் பக்கத்து அச்சுகள் அதைப் பெரிதாகப் பொருட்படுத்துவதில்லை. அதனால் அளவுகோலைக் கையோடு கொண்டுபோங்கள். அந்தத் தரத்தில் இன்னொன்றும் உண்டு: சாதாரணக் கல் 24 மணி நேரம் தண்ணீரில் ஊறினால் தன் எடையில் நூற்றுக்கு இருபதுக்கு மேல் நீர் குடிக்கக் கூடாது. ஒரு தராசும் ஒரு வாளியும் இருந்தால் வீட்டிலேயே சோதிக்கலாம்.

ஜி.எஸ்.டி. வரியும் உண்டு. 2022 ஏப்ரல் முதல் சூளைக்காரர் 12 சதவீதம் கட்டி உள்ளீட்டு வரியைக் கழித்துக்கொள்ளலாம். அல்லது கழிவே இல்லாமல் 6 சதவீதம் கட்டலாம். மண்ணிலும் விறகிலும் கூலியிலும் கழிக்கப் பெரிதாக என்ன இருக்கிறது? 2025 செப்டம்பர் 22 முதல் சிமெண்ட் வரி 28இலிருந்து 18 ஆகக் குறைந்தது. சுட்ட செங்கல்லுக்கு அந்த இறக்கம் வரவில்லை.

இதனால் அனுகூலம் சிமெண்டில் செய்கிற ஹாலோ பிளாக் பக்கம் போகிறது. ஏழெட்டுக் கல்லின் இடத்தை ஒரு பிளாக் அடைக்கிறது. கொத்தனார் கூலியும் மிச்சம். சிமெண்ட் நம் மாவட்டத்துக் கரிக்காலியிலேயே தயாராகிறது. தூத்துக்குடி அனல்மின் நிலையச் சாம்பலில் செய்த கல்லும் போட்டிக்கு நிற்கிறது. இவையெல்லாம் வந்த பிறகு சூளைக்காரர் நினைத்தபடி விலையை ஏற்ற முடியவில்லை. ஆனாலும் வெயிலுக்கும் ஆணியடிக்கவும் செங்கல் சுவர்தான் என்று சொல்கிற வீட்டுக்காரர்கள் இங்கே நிறைய.

விலை பேசும்போது அது சூளையடி விலையா, மனையில் இறக்கிக் கொடுக்கும் விலையா என்று கேளுங்கள். உடைந்த கல் கணக்கில் சேருமா என்றும் கேளுங்கள். சேரும் என்றால் அதைத் தனியே குவித்து வையுங்கள். மொட்டை மாடியில் தட்டோடு பதிக்கிறபோது சுண்ணாம்போடு செங்கல் ஜல்லி தேவைப்படும்.